டெஸ்டுக்கு மட்டும் 4 புள்ளி: பெண்கள் ஆஷஸ் கணக்கு நியாயமா?

கேள்வி (ஒரு வாசகர், ஜனவரி 8, 2025)

12-ஆம் தேதி பெண்கள் ஆஷஸ் (இங்கிலாந்து-ஆஸ்திரேலியா கிரிக்கெட் தொடர்) தொடங்குகிறது. 3 ஒருநாள், 3 டி20, ஒரே ஒரு டெஸ்ட். மற்ற ஆட்டங்களை ஜெயித்தால் தலா 2 புள்ளி, டெஸ்டுக்கு மட்டும் 4. 2023-ல் இங்கிலாந்து ஒருநாள் தொடரையும் ஜெயித்தது, டி20 தொடரையும் ஜெயித்தது. கோப்பை மட்டும் வரவில்லை. ஒரு டெஸ்டில் தோற்றதற்கு இவ்வளவு தண்டனையா? இது மோசடிக் கணக்கு என்கிறேன். மறுப்பவர்கள் உண்டா?

ஜனவரி 8, இரவு

மோசடி பெரிய வார்த்தை. ஆனாலும் பழைய ஸ்கோரர் புத்தி சும்மா இருக்க விடவில்லை, உட்கார்ந்து கூட்டிப் பார்த்தேன்.

2023-ல் ட்ரென்ட் பிரிட்ஜ் டெஸ்டை ஆஸ்திரேலியா 89 ரன்னில் ஜெயித்தது: 4-0. எட்ஜ்பாஸ்டன் டி20-யும் அவர்களுக்கே: 6-0. கடை கட்டியாச்சு என்று நான் டிவியை அணைத்துவிட்டேன். அப்புறம் ஓவல், லார்ட்ஸ், பிரிஸ்டல் மூன்றையும் வரிசையாக இங்கிலாந்து எடுத்து 6-6 ஆக்கியது. சவுத்தாம்ப்டனில் 283-ஐத் துரத்தியபோது நாட் சிவர்-பிரன்ட் 111 அடித்துக் கடைசிவரை நின்றார். 3 ரன்னில் போயிற்று. 8-6. டான்டனில் இங்கிலாந்து, 8-8. சமன் என்றால் கோப்பை ஏற்கெனவே வைத்திருப்பவரிடமே தங்கும்.

டெஸ்டுக்கும் 2 என்று வைத்தால் ஆஸ்திரேலியா 6, இங்கிலாந்து 8. ஆக, கேட்டவர் கணக்கில் தப்பில்லை. ஆனால் 2013-ல் இந்த முறை வந்ததிலிருந்தே டெஸ்டுக்கு 4 தான். தெரிந்துதானே இரண்டு பக்கமும் களம் இறங்குகிறார்கள்? ஆடி முடித்த பிறகு விதியைத் திட்டுவது எனக்கு ஒப்பவில்லை.

ஜனவரி 9, காலை

திருத்தம். 4 தான் என்று எழுதியது தப்பு. படுத்த பிறகு உறைத்தது. முதல் இரண்டு தொடர்களில், அதாவது 2013 கோடையிலும் 2013-14-லும், டெஸ்டுக்கு 6 புள்ளி. டிரா ஆனால் தலா 2. பிறகுதான் 4 ஆகக் குறைத்தார்கள்.

குறைத்த காரணம் அந்த 2013-14 தொடரிலேயே இருக்கிறது. பெர்த்தில் நடந்த டெஸ்டை இங்கிலாந்து 61 ரன்னில் ஜெயித்தது. ஒருநாள் தொடர் ஆஸ்திரேலியாவுக்கு 2-1. டி20 தொடரும் ஆஸ்திரேலியாவுக்கு 2-1. கூட்டிப் பாருங்கள்: இங்கிலாந்து 10, ஆஸ்திரேலியா 8. கோப்பை இங்கிலாந்துக்கு.

புரிகிறதா? 2023-ல் நடந்ததன் அச்சு அசல் மறுபக்கம். அன்றைக்கு அந்தக் கணக்கில் பலன் அடைந்தது இங்கிலாந்து. அப்போது டெஸ்டுக்கு 2 என்று இருந்திருந்தால் 8-6 என்று ஆஸ்திரேலியா கொண்டு போயிருக்கும். கேட்டவரிடம் ஒரு கேள்வி: 2014-ல் உங்களுக்கு வயிறு எரிந்ததா? எனக்கு எரியவில்லை. அந்த வருடம் நான் இங்கிலாந்துப் பக்கம்.

ஜனவரி 9, மதியம்

"ஆண்கள் ஆஷஸைக் காப்பி அடித்த பெயர்தானே" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். பெயர் பிறகு வந்தது, பகை முன்பே வந்துவிட்டது. உலகத்தின் முதல் பெண்கள் டெஸ்டே இந்த இரண்டு அணிகளுக்கும்தான், 1934 டிசம்பர் கடைசியில், பிரிஸ்பேனில். இங்கிலாந்து வீராங்கனைகள் கப்பல் கட்டணத்தைத் தங்கள் கைக்காசிலிருந்து கட்டிக்கொண்டு போனார்கள். போய் இறங்கி, ஆஸ்திரேலியாவை 47 ரன்னுக்குச் சுருட்டினார்கள். மிர்டில் மக்லகன் 10 ரன் கொடுத்து 7 விக்கெட். தொடரில் முதல் சதமும் அவருடையதே, சிட்னியில் 119.

பதில் மரியாதை 1958-ல் மெல்போர்னில். ஆஸ்திரேலியா 38-க்கு ஆல் அவுட். சிரித்துக்கொண்டே ஆட வந்த இங்கிலாந்து 35-க்கு ஆல் அவுட். பெட்டி வில்சன் 7 ரன்னுக்கு 7 விக்கெட், அதில் ஹாட்ரிக் வேறு. அடுத்த இன்னிங்சில் 100 அடித்தார். ஒரே டெஸ்டில் சதமும் 10 விக்கெட்டும் அதுவரை ஆண்களிலும் யாரும் எடுத்ததில்லை. (சிரித்துக்கொண்டே என்பது என் சேர்க்கை. 38-க்கு சுருட்டிவிட்டு யார்தான் சிரிக்க மாட்டார்கள்.)

ஆஷஸ், அதாவது சாம்பல் என்ற பெயர் 1998-ல் வந்தது. லார்ட்ஸ் மைதானத்தில் இரண்டு அணிகளும் கையெழுத்துப் போட்ட ஒரு கிரிக்கெட் மட்டையை எரித்து, சாம்பலை மரத்தில் குடைந்த ஒரு பந்துக்குள் வைத்தார்கள். அந்த மைதானத்துக்குச் சொந்தக்காரர்களான எம்சிசி கிளப், பெண்களை உறுப்பினராகச் சேர்க்க ஒப்புக்கொண்டதும் அதே வருடம்தான். 1998! நான் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தேன்.

ஜனவரி 10

"டெஸ்டுக்கு அதிகப் புள்ளி வைத்தால் பயந்து பயந்து ஆடுவார்கள், டிராவுக்குத்தான் போகும்" என்ற வாதத்துக்கு.

பாதி உண்மை. 2017, 2019, 2022 மூன்று ஆஷஸ் டெஸ்டும் டிரா. 2017-ல் வடக்கு சிட்னியில் ஆஸ்திரேலியாவின் எலிஸ் பெர்ரி ஆட்டமிழக்காமல் 213 எடுத்தும் டிரா. 200-க்கு சிக்ஸர் போய்விட்டது என்று ஹெல்மெட்டைக் கழற்றிக் கொண்டாடினார், பந்து கயிற்றுக்கு முன்னாலேயே விழுந்திருந்தது. அசடு வழிய மறுபடி மாட்டிக்கொண்டு, சீக்கிரமே மீதி ரன்னையும் எடுத்துவிட்டு இரண்டாம் தடவை கொண்டாடினார். நான் பார்த்ததிலேயே எனக்கு மிகவும் பிடித்த இரட்டைச் சதம்.

ஆனால் 2022 கான்பெராவைப் பயந்த ஆட்டம் என்று சொன்னால் சண்டைக்கு வருவேன். கடைசி நாளில் இங்கிலாந்துக்கு 257 இலக்கு. ஒருநாள் ஆட்ட வேகத்தில் துரத்தி 3 விக்கெட்டுக்கு 218 வரை வந்துவிட்டார்கள். அப்புறம் சீட்டுக்கட்டு மாதிரி சரிந்து 9 விக்கெட்டுக்கு 244. இன்னும் 13 ரன், ஒரே விக்கெட். கடைசி ஜோடி கேட் கிராஸும் சோஃபி எக்கில்ஸ்டனும் ரன்னை விட்டுவிட்டுக் கட்டை போட ஆரம்பித்தார்கள். 245-ல் முடிந்தது. நான் டிவி முன்னால் நின்றுகொண்டே கத்தினேன், "அடிங்கடி, ஒரு ஃபோர் போதும்" என்று.

இன்றைக்குப் புள்ளியை வைத்துப் பார்த்தால் அவர்கள் செய்தது சரி. அந்த டெஸ்டுக்கு முன் 4-2 என்று பின்தங்கியிருந்தார்கள். தோற்றால் 8-2, கோப்பை அங்கேயே போச்சு, மீதி மூன்று ஒருநாளும் வெறும் சடங்கு. டிரா என்றால் 6-4, உயிர் இருக்கிறது. (கடைசியில் மூன்றிலும் தோற்று 12-4. அது வேறு கதை.) அந்தக் கடைசி ஓவர்களில் எல்லாரையும் மூச்சைப் பிடித்து உட்கார வைத்தது இதே 4 புள்ளிதான்.

ஜனவரி 12

வடக்கு சிட்னி. இங்கிலாந்து 204, ஆஸ்திரேலியா 4 விக்கெட்டில் வெற்றி. ஆஸ்திரேலியாவின் அலிசா ஹீலி 70. 2-0. விடிவதற்குள் எழுந்ததற்கு இதுவா.

ஜனவரி 14, பொங்கல்

எல்லாருக்கும் வாழ்த்து. பானை பொங்குகிற நேரம் பார்த்து மெல்போர்னில் ஆட்டம். அம்மா அடுப்படியிலிருந்து "வாடி, பொங்கப் போகுது" என்று கூப்பிடக் கூப்பிட நான் கைபேசியும் கையுமாக நின்றேன். பால் பொங்கியதைப் பார்த்தேன். இங்கிலாந்து பொங்கியதைப் பார்க்கவில்லை.

ஆஸ்திரேலியாவை 180-க்கு உருட்டிவிட்டார்கள். எக்கில்ஸ்டனுக்கு 4 விக்கெட். இதை எடுக்காவிட்டால் வேறு எதை எடுப்பார்கள்? எடுக்கவில்லை, 159 ஆல் அவுட். அலானா கிங் 25 ரன் கொடுத்து 4. ஒரு முனையில் ஏமி ஜோன்ஸ் 47-ல் நிற்கிறார், மறுமுனையில் பதினோராம் ஆட்டக்காரர் லாரன் பெல். ஓவரின் கடைசிப் பந்தில் ஒரு ரன் ஓடி, அடுத்த ஓவரைத் தானே எதிர்கொள்ள வேண்டும். ஜோன்ஸ் ஓடவில்லை. இன்னும் ஒரு பந்து பாக்கி இருப்பதாக நினைத்துவிட்டார். அடுத்த ஓவரில் டாலியா மெக்ராத் வந்தார், பெல்லின் ஸ்டம்ப் போயிற்று.

4-0.

ஜனவரி 14, இரவு

ஜோன்ஸை "ஆறு வரை எண்ணத் தெரியாதவள்" என்று கேலி செய்கிறவர்களுக்கு, கொஞ்சம் நிறுத்துங்கள். நானும் அந்தக் கட்சி.

கல்லூரியில் ஆடிக்கொண்டிருந்தேன். ஆடினேன் என்பதைவிட ஸ்கோர் எழுதினேன் என்பது பொருத்தம். எட்டாவது இறங்குவேன், மீதி நேரம் நோட்டுப் புத்தகத்தோடு வேப்பமரத்தடியில். மைதானம் பையன்களுக்கு முதலில், மாலை நான்கரை மணிக்கு மேல்தான் எங்களுக்கு, மேட்டிங் விரிக்கவே பதினைந்து நிமிடம் போய்விடும். கல்லூரிகளுக்கு இடையிலான ஓர் ஆட்டம். அம்பயராக நின்ற ஆசிரியர் பந்தை எண்ணப் பாக்கெட்டில் ஆறு புளியங்கொட்டை வைத்திருப்பார். ஒரு பந்து ஆனதும் ஒரு கொட்டை இடது பாக்கெட்டிலிருந்து வலது பாக்கெட்டுக்கு. பார்க்கவே அழகாக இருக்கும்.

கடைசி விக்கெட், ஜெயிக்க 7 ரன். நான் ஓடுகிற முனையில். அடித்துக்கொண்டிருந்த அக்கா என்னிடம் "எத்தனை பந்து?" என்று விரலைக் காட்டினாள். ஸ்கோரர் ஆயிற்றே என்ற நம்பிக்கை. நான் இரண்டு விரலைக் காட்டினேன். அவள் அடுத்த பந்தைத் தடுத்து நின்றாள். சார் "ஓவர்" என்றார். ஏழெட்டு வருடம் நோட்டில் புள்ளி வைத்துப் பழகிய கை, இரண்டு விரலைக் காட்டிவிட்டது. அடுத்த ஓவரில் முதல் பந்தே நான் பௌல்டு. 6 ரன்னில் தோற்றோம். அக்கா திட்டவில்லை. பஸ்ஸில் திரும்பி வரும்போது ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே வந்தாள், அது இன்னும் மோசம்.

நோட்டில் நாமே புள்ளி வைக்கும்போது எண்ணத் தேவையில்லை, கட்டத்தைப் பார்த்தாலே தெரியும். களத்தில் கட்டம் கிடையாது.

ஜனவரி 15

மேலே ஏழெட்டு வருடம் என்றது மிகை. மூன்று வருடம். நேற்று உணர்ச்சிவசப்பட்டுவிட்டேன்.

ஜனவரி 17

ஹோபார்ட்டிலும் அதே கதை. ஆஸ்திரேலியாவின் கார்ட்னர் 102, அவருக்கு முதல் சர்வதேசச் சதம். ஆஸ்திரேலியா 308, வெற்றி 86 ரன்னில். கிங் 5 விக்கெட். 6-0.

அலானா கிங் பற்றி "நம்ம சென்னைப் பொண்ணு" என்று மூன்று பேர் எழுதியாயிற்று, ஒருவர் பெரம்பூர் வரை கொண்டுபோய்விட்டார். உண்மை இவ்வளவுதான்: பெற்றோர் சென்னையிலிருந்து குடிபெயர்ந்த ஆங்கிலோ இந்தியர்கள், கிங் பிறந்தது வளர்ந்தது மெல்போர்னில். தெரு பெயரெல்லாம் நாமாகச் சேர்க்க வேண்டாம். ஆனால் அந்த லெக் ஸ்பின் சேப்பாக்கத்தில் எப்படித் திரும்பும் என்று நினைத்துப் பார்த்தேன் என்பதையும் மறைக்கவில்லை.

ஜனவரி 20

சிட்னி டி20, 57 ரன்னில் ஆஸ்திரேலியா. 8-0. மொத்தம் 16 புள்ளியில் 8 வந்துவிட்டால் வைத்திருப்பவரிடமிருந்து கோப்பையைப் பறிக்க முடியாது. டெஸ்ட் தொடங்கவே இன்னும் பத்து நாள் இருக்கிறது. இந்தக் கேள்வி-பதிலின் தலைப்பைப் பார்த்தால் சிரிப்பு வருகிறது. டெஸ்டுக்கு 4 கொடுத்தால் என்ன, 6 கொடுத்தால் என்ன?

ஜனவரி 21

இல்லை, கேட்டவரை அப்படி விட்டுவிடக் கூடாது. "டெஸ்டைக் கடைசியில் வைத்ததால்தான் இப்படிச் செத்துவிட்டது, 2023 போல முதலில் வைக்க வேண்டும்" என்று அவரே இன்று எழுதியிருப்பது நியாயமான பேச்சு. முதலில் வைத்தால் ஜெயித்தவர் 4 புள்ளி முன்னால் நிற்பார், துரத்துகிறவருக்கு ஆறு ஆட்டம் மிச்சம் இருக்கும். 2023 அதனால்தான் ருசித்தது.

ஆனால் "டெஸ்டுக்கும் 2 போதும்" என்பதில்தான் எனக்குப் பயம். அப்படிச் செய்து பாருங்கள், நாளைக்கே வாரியத்தில் கணக்குப் பார்க்கிறவர் கேட்பார்: நாலு நாள் ஆடி 2 புள்ளி, மூன்று மணி நேரம் ஆடினாலும் 2 புள்ளி, அப்புறம் எதற்கு அந்த நாலு நாள்? டெஸ்டைத் தூக்கிவிட்டு இரண்டு டி20 போட்டுவிடுவார்கள். 4 என்ற எண் நியாயமா என்று எனக்குத் தெரியாது, அது டெஸ்டுக்கு வேலி. ஒரே டெஸ்ட் இருப்பதால்தான் அது இவ்வளவு கனமாகத் தெரிகிறது. இரண்டு டெஸ்ட் வைக்கட்டும், தலா 4 கொடுக்கட்டும், யாராவது மூச்சு விடுவார்களா?

மித்தாலி ராஜ் 1999-லிருந்து 2022 வரை ஆடினார். டெஸ்ட் எத்தனை? 12. அதில் ஒன்று டான்டனில் 214. பெர்ரி 2008-ல் தொடங்கி 2025 ஜனவரி 21 வரை 13. ஆண்களில் சில பேர் இதை ஒரு வருடத்திலேயே ஆடிவிடுகிறார்கள்.

போன ஜூனில் சேப்பாக்கத்தில் தென்னாப்பிரிக்காவோடு டெஸ்ட் நடந்தபோது முதல் நாள் போயிருந்தேன், மேலே சொன்ன அதே அக்காவோடு. வெயில் மண்டையைப் பிளந்தது. ஸ்மிருதியும் ஷஃபாலியும் முதல் விக்கெட்டுக்கு 292 சேர்த்தார்கள். ஷஃபாலி 205, ஸ்மிருதி 149, நாள் முடிவில் 4 விக்கெட்டுக்கு 525. நான் பழக்கதோஷத்தில் நோட்டு கொண்டுபோயிருந்தேன். ஒரு ஓவருக்கான கட்டத்துக்குள் எண்கள் அடங்கவில்லை, மூன்று பக்கம் ஓடிவிட்டது. பக்கத்தில் இருந்த ஒரு சின்னப் பெண் எட்டிப் பார்த்து, "ஆன்ட்டி, ஆப்பில் வருமே" என்றாள். அக்கா அன்றைக்குச் சிரித்த சிரிப்பு! அப்புறம் சும்மா இருக்காமல் அந்தப் பெண்ணிடம் சொன்னாள், "இவங்களுக்கு எண்ண வராது, எழுதினாத்தான் வரும்." இருபது வருடம் கழித்து வாங்கிக் கட்டிக்கொண்டேன்.

அந்தத் தொடரில் ஒரு டெஸ்ட், 3 ஒருநாள், 3 டி20, ஆனால் எல்லாவற்றையும் சேர்த்த புள்ளி கிடையாது. டெஸ்ட் முடிந்தது, இந்தியா 10 விக்கெட்டில் ஜெயித்தது, கைதட்டினோம், அவ்வளவுதான். டி20-க்கு அந்த வெற்றியை யாரும் எடுத்துப் போகவில்லை. அப்போதுதான் ஆஷஸ் புள்ளிமுறையின் அருமை எனக்குப் புரிந்தது.

ஜனவரி 25

நடுவில் ஒரு டி20-யும் போயிற்று. இன்று அடிலெய்டில் இங்கிலாந்து 90 ஆல் அவுட். 12-0. ஆறுதல் சொல்ல வருகிறவர்கள் வரிசையில் வரவும்.

பிப்ரவரி 1

முடிந்தது. மெல்போர்னின் பெரிய மைதானமான எம்சிஜி-யில் 1949-க்குப் பிறகு முதல் பெண்கள் டெஸ்ட், பகலிரவு ஆட்டம், மூன்றே நாள். இங்கிலாந்து 170, ஆஸ்திரேலியா 440, இங்கிலாந்து 148. இன்னிங்ஸும் 122 ரன்னும். மொத்தம் 16-0. மூன்று நாளில் 35,000 பேருக்கு மேல் வந்து பார்த்தார்கள்.

சதர்லண்ட் 163, மூனி 106. மூன்று வடிவத்திலும் சதம் அடித்த முதல் ஆஸ்திரேலியப் பெண் மூனிதான். இங்கிலாந்தின் கையில் கேட்ச் நிற்கவே இல்லை, எத்தனை நழுவியது என்று எண்ணுவதை ஒரு கட்டத்தில் விட்டுவிட்டேன். (என் எண்ணிக்கையை நம்பவும் வேண்டாம்.)

கிங் இரண்டு இன்னிங்சிலும் சேர்த்து 9 விக்கெட், தொடரில் 23, தொடர் நாயகி. அதில் சோஃபியா டங்க்லிக்குப் போட்ட பந்தைப் பார்க்காதவர்கள் தேடிப் பாருங்கள். லெக் பக்கம் விழுகிறது, டங்க்லி தடுக்கப் போகிறார், பந்து அவரைத் தாண்டித் திரும்பி ஸ்டம்பில் அடிக்கிறது. சுழல் மன்னன் ஷேன் வார்ன் ஆடிய அதே ஊரில். நான் பத்து தடவை திருப்பித் திருப்பிப் போட்டேன். பதினோராம் தடவை அம்மா வந்து, "அந்தப் பொண்ணு எத்தன தடவதான் அவுட் ஆகும், பாவம், விடு" என்றாள்.

பிப்ரவரி 3

கேட்டவர் தோல்வியை ஒப்புக்கொள்வதாக எழுதியிருக்கிறார். ஒப்புக்கொள்ள என்ன இருக்கிறது? இந்தத் தொடர் அவருக்கும் பதில் சொல்லவில்லை, எனக்கும் சொல்லவில்லை. 16-0-வை எந்த விதியில் கூட்டினாலும் ஒரே விடைதான். 2014-ஐயும் 2023-ஐயும் வைத்துத்தான் நாம் சண்டை போட முடியும், அதிலும் ஆளுக்கு ஒன்று.

இன்னொன்று. மேலே 1998-ல் லார்ட்ஸில் மட்டையை எரித்ததை எழுதினேன் இல்லையா? ஒருவர் "அங்கே எத்தனை பெண்கள் டெஸ்ட் நடந்திருக்கிறது" என்று கேட்டிருந்தார். ஒன்றுகூட இல்லை. சாம்பல் அங்கே பிறந்தது, டெஸ்ட் நடந்ததில்லை. முதல் டெஸ்ட் 2026-ல் நடக்கப் போவதாக அறிவித்திருக்கிறார்கள், இங்கிலாந்தும் இந்தியாவும். அக்காவுக்குச் செய்தி அனுப்பினேன். புது நோட்டு வாங்கி வை, கட்டம் பெரிதாக இருக்கட்டும் என்று பதில் வந்தது.